கோழிக்குப் போட்ட மல்லாட்டை

எனக்குச் சந்தேகப் புத்தி. அதை நானே முதலில் சொல்லிவிடுகிறேன், அப்புறம் யாரும் கண்டுபிடித்ததாகப் பீற்றிக்கொள்ள வேண்டாம். பால்காரர் ஊற்றிவிட்டுத் தெருமுனை திரும்புவதற்குள் பாலை நகத்தில் ஒரு சொட்டு விட்டுப் பார்ப்பேன். மருந்துக் கடையில் கொடுத்த மாத்திரையை டாக்டர் சீட்டோடு எழுத்தெழுத்தாக ஒப்பிடுவேன். "நீ போலீஸ்ல சேந்திருக்க வேண்டியவ, தெரியாம எனக்குக் கட்டி வெச்சிட்டாங்க" என்பார் என் வீட்டுக்காரர். சொல்லட்டும். நாலு பேரை நம்பி ஏமாந்து நிற்பதற்கு இது தேவலை என்றுதான் அந்த அமாவாசை வரைக்கும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

தொண்டூர்ப் பக்கம் எங்கள் நிலம். என் வீட்டுக்காரரும் அவர் தம்பியும் ஒரே கிணற்றில் முறை வைத்துத் தண்ணீர் பாய்ச்சுகிறவர்கள். தம்பி பெண்சாதி, அதாவது என் ஓரகத்தி, எனக்கு இரண்டு வருஷம் கழித்து அந்த வீட்டுக்கு வந்தவள். பதினெட்டு வருஷம் ஒரே அடுப்பில் சமைத்தோம். அவள் பெண்ணுக்கு முதல் சோறு ஊட்டியவள் நான். அதெல்லாம் மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரே நாளில் போச்சு. எங்கள் முறையன்று வாய்க்காலில் தண்ணீர் இளைத்து வந்தது. அவள்தான் ராத்திரியோடு ராத்திரியாக மடையைத் திருப்பிவிட்டாள் என்று நான் ஊர் நடுவில் நின்று கத்தினேன். பார்த்தேனா என்றால் பார்க்கவில்லை. அவள் ஒரு வார்த்தை பதில் பேசவில்லை. பேசாததையே நான் சாட்சியாக எடுத்துக்கொண்டேன். அதோடு பேச்சு நின்றது. நாங்கள் செஞ்சிக்குக் குடி வந்துவிட்டோம்.

இந்த மூன்று வருஷத்தில் அவள் நினைப்பு வராத நாள் இல்லை. அதையும் சொல்லிவிடுகிறேன். நானாகப் போய்ப் பேசுவதற்கு மட்டும் வாய் வரவில்லை.

இப்படி இருக்கையில் ஒரு நாள் நிலத்துக்குப் போன என் வீட்டுக்காரர் வண்டியில் ஒரு சாக்குப்பையைக் கட்டி எடுத்துக்கொண்டு வந்தார். ஓடு உடைத்த மல்லாட்டைப் பருப்பு. நிலக்கடலையைத்தான் எங்கள் பக்கம் மல்லாட்டை என்போம்.

"தம்பி பொண்டாட்டி குடுத்தா. வர்ற வெள்ளிக்கிழம பொண்ணுக்கு வளகாப்பு. உன் கையால கார வெல்ல மல்லாட்ட வேணும்னு பொண்ணு கேக்குதாம்."

"யாரு கேட்டா, பொண்ணா, அவளா?"

"எனக்கு இன்னா தெரியும்? குடுத்தா, எடுத்தாந்தேன்."

ஆம்பளைகளிடம் கேட்டு ஒரு சேதியை முழுசாக வாங்க முடியாது. அவர் கையைக் காலைக் கழுவிக்கொண்டு சாப்பிட உட்கார்ந்துவிட்டார். நான் பையைப் பார்த்தபடி நின்றேன்.

சந்தோஷம் வந்ததா என்றால் வந்தது. இதைச் செய்து எடுத்துக்கொண்டு போனால் பேச்சு ஒட்டிக்கொள்ளும். அந்தப் பெண்ணின் கையில் நானும் இரண்டு வளையல் போடலாம். ஆனால் என் புத்தி சும்மா இருக்குமா? மூன்று வருஷம் திரும்பிப் பார்க்காதவள் இப்போது எதற்கு என்னைத் தேடுகிறாள்? ஊரில் மிட்டாய்க் கடையே இல்லையா?

பையின் வாயைப் பிரித்தேன். மேலாக இருந்த பருப்பை ஒரு பிடி அள்ளினேன். கையெல்லாம் சிவப்புப் பொடி.

எனக்குப் பகீரென்றது. எங்கள் பக்கத்துப் பெண்பிள்ளைகளுக்கு இதைச் சொல்லித் தர வேண்டியதில்லை. விதைப்புக்கு முன்னால் விதைப்பருப்பில் பூசணம் பிடிக்காமல் இருக்கச் சிவப்பாக ஒரு மருந்துப் பொடி போட்டுப் புரட்டுவோம். மிஞ்சின விதையை வாசலில் சிந்திவிட்டுக் கோழிகளைப் பறிகொடுத்த வீடுகள் உண்டு. விதைப்பு முடிந்து பத்து நாள்கூட ஆகவில்லை. அவர்கள் வீட்டில் மிஞ்சின விதை இருக்கத்தான் செய்யும். பையும் பழைய விதைப்பை. மோந்து பார்த்தேன். மருந்து வாடை அடித்த மாதிரியும் இருந்தது, அடிக்காத மாதிரியும் இருந்தது. மூன்றாவது தடவை மோந்தபோது நிச்சயமாக அடித்தது.

அப்புறம் என் மண்டையில் ஓடியதை நினைத்தால் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது. ஏழு மாசக் கர்ப்பிணி வாயில் போகிற பண்டம். அதை என் கையால் செய்யச் சொல்கிறாள். நாளைக்கு அந்தப் பெண்ணுக்கு வாந்தி, மயக்கம் என்று ஏதாவது ஆனால் சபையில் யார் பேர் அடிபடும்? பெற்றவளே பெண்ணுக்கு விஷம் வைப்பாளா என்று ஒரு நிமிஷம் யோசித்தேன். தெரியாமல் மருந்து விதையைக் கொடுத்திருப்பாள், பழி மட்டும் என் தலையில் விழும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். எப்படிச் சுற்றினாலும் குற்றம் அவள் பக்கம் போய்த்தான் நின்றது.

என் வீட்டுக்காரரிடம் சொன்னேன்.

"போன் போட்டுக் கேளேன்" என்றார்.

"நான் எதுக்குப் போன் போடணும்? அவ போட்டாளா?"

"அப்ப தூக்கிக் குப்பையில போடு. எனக்கு டென்ஷன் ஏத்தாத."

குப்பையில் போடவும் மனசு வரவில்லை. போட்டால் வளைகாப்புக்குப் போக வழி அடைபட்டுவிடும். செய்து கொடுக்கவும் பயம். இரண்டு நாள் அந்தப் பையைச் சமையல் மேடைக்கு அடியில் வைத்துக்கொண்டு தூங்காமல் கிடந்தேன். மூன்றாம் நாள் காலையில் வழி தோன்றியது.

எங்கள் வீட்டில் முட்டையிடுவதை நிறுத்திவிட்ட ஒரு கிழட்டுக் கோழி இருந்தது. அதைப் பிடித்துப் பின்கட்டில் கூடை போட்டுக் கவிழ்த்தேன். சிவப்பு நன்றாக ஒட்டியிருந்த பருப்பாகப் பொறுக்கி, நசுக்கி, ஒரு தட்டில் வைத்து உள்ளே தள்ளினேன். பாவம், அது ஆசை ஆசையாகத் தின்றது. நான் முக்காலியைப் போட்டு எதிரே உட்கார்ந்தேன்.

வெயில் ஏற ஏறக் கோழி கண்ணை மூடியது. அடிப்பாவி, ஆரம்பித்துவிட்டது என்று நினைத்தேன். கூடையைத் தட்டினால் கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு மறுபடி மூடியது. வெயிலுக்கு எல்லாக் கோழியும் அப்படித்தான் சொக்கும். நாற்பது வருஷமாகக் கோழியைப் பார்க்கிறவளுக்கு அது தெரியாதா? அன்றைக்குத் தெரியவில்லை. அது சாகும் என்றே காத்திருந்தேன். இன்னும் உண்மையைச் சொன்னால், செத்தால் தேவலை என்றுகூட ஒரு எண்ணம். செத்தால் நான் சொன்னது சரி என்று ஆகும் இல்லையா.

அன்று அமாவாசை. மேல்மலையனூர் அம்மன் கோயிலுக்குப் போகிற கூட்டத்தால் ரோட்டில் பஸ் எல்லாம் பிதுங்கிக்கொண்டு போகும், அவசரம் இல்லாதவர்கள் யாரும் அன்றைக்கு வெளியே கிளம்ப மாட்டார்கள். அதனால் வாசலில் "அக்கா" என்று குரல் கேட்டபோது பக்கத்து வீட்டுக்காரி என்று நினைத்து, "பின்னால வா" என்றேன்.

வந்து நின்றது என் ஓரகத்தி.

கூட்டத்தில் நசுங்கி வந்திருக்கிறாள். தலையெல்லாம் கலைந்து கிடந்தது. கையில் ஒரு பொட்டலம். "சுக்கும் ஏலக்காயும் குடுக்க மறந்துட்டேன். கடையில வாங்கினா உனக்கு ஆவாதுன்னு..." என்று சொல்லிக்கொண்டே வந்தவள் கூடையைப் பார்த்தாள். தட்டைப் பார்த்தாள். முக்காலியைப் பார்த்தாள். அப்புறம் என்னைப் பார்த்தாள். மல்லாட்டை விதைக்கிற வீட்டுக்காரிக்கு அதற்கு மேல் என்ன விளக்கம் வேண்டும்?

"பை எங்க?" என்றாள்.

நான் கையைக் காட்டினேன். அவளே போய் எடுத்து வந்து, முறத்தில் மொத்தத்தையும் தலைகீழாகக் கொட்டினாள். பருப்போடு பருப்பாக நசுங்கின வெற்றிலை இரண்டு விழுந்தது. கொட்டைப்பாக்கு விழுந்தது. ஒரு மஞ்சள் கிழங்கு விழுந்தது. கடைசியாக, கிழிந்துபோன ஒரு காகித மடிப்பு. அதில் இன்னும் கொஞ்சம் குங்குமம் ஒட்டிக்கொண்டிருந்தது.

வளைகாப்புக்கு அழைக்கிற வெற்றிலை பாக்கு. நேரில் வந்து நீட்ட முகம் இல்லாமல் பைக்குள் மேலாக வைத்து அனுப்பியிருக்கிறாள். இவர் வண்டியில் தாறுமாறாகக் கட்டி எடுத்து வந்ததில் மடிப்பு கிழிந்து, பை குலுங்கிக் கவிழ்ந்து, எல்லாம் அடிக்குப் போய்விட்டது. அந்தக் குங்குமத்தைத்தான் நான் மூன்று தடவை மோந்து பார்த்து விஷம் என்று முடிவு கட்டியிருக்கிறேன்.

"மருந்து கலக்கறதுக்கு முந்தியே எடுத்து வெச்சது" என்றாள். குரல் உயரவில்லை. "நல்ல பருப்பா ஒண்ணு ஒண்ணா பொறுக்குனேன்."

"இல்லடி, செவப்பா இருக்கவே..."

"கோழியக் கேக்கறதுக்கு முந்தி என்ன ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே."

மன்னித்துக்கொள் என்று சொல்ல வேண்டிய இடம் அதுதான். அதற்குப் பதிலாக, "தண்ணி குடிக்கிறியா?" என்று கேட்டேன். பாழாய்ப்போன வாய்.

"வேணாம். செய்ய இஷ்டம் இல்லன்னா சொல்லு, எடுத்துனு போறேன்."

"வை. செய்யறேன்."

சுக்குப் பொட்டலத்தை முறத்தின் மேல் வைத்துவிட்டுப் போய்விட்டாள். கோழி கூடைக்குள் எழுந்து நின்று இன்னும் கொஞ்சம் கிடைக்குமா என்று தட்டைக் கொத்தியது.

வியாழக்கிழமை செய்தேன். பருப்பைத் தோலோடு இரும்புச் சட்டியில் போட்டு, தீயைத் தணித்து, வெடிக்கிற சத்தம் வரும்வரை வறுத்து எடுத்தேன். வெல்லத்தைக் கரைத்து வடிகட்டிப் பாகு வைத்தேன். தட்டில் ஒரு சொட்டு விட்டு, ஆறினதும் எடுத்துப் போட்டால் டங்கென்று கேட்க வேண்டும். பருப்பைக் கொட்டிக் கிளறக் கிளறப் பாகு ஒவ்வொரு பருப்பிலும் மணல் மணலாகப் பூத்துப் பிரியும். சரியாக அந்த நேரத்தில் சுக்கு, ஏலக்காய், மிளகாய்த்தூள், கொஞ்சம் உப்பு தூவ வேண்டும். கிளறுகிற கை நிற்கவும் கூடாது. இரண்டு பேர் வேலை அது. அந்த வீட்டில் நான் கிளறுவேன், அவள் தூவுவாள். ஒண்டியாகச் செய்ததில் பாதி கட்டி கட்டியாக ஒட்டிக்கொண்டது. உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்தேன். அழுதேன். யாரும் பார்க்கவில்லை.

வெள்ளிக்கிழமை டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு தொண்டூருக்குப் போனேன். பெண்ணை மணையில் உட்கார வைத்திருந்தார்கள். கன்னத்தில் சந்தனம், முழங்கை வரை வளையல். என்னைப் பார்த்ததும், "பெரிம்மா, மல்லாட்ட எடுத்தாந்தியா?" என்று கையை நீட்டியது. என் உயிரே குளிர்ந்துவிட்டது.

ஓரகத்தி என் கையிலிருந்து டப்பாவை வாங்கினாள். ஒரு தட்டில் கொட்டினாள். பெண் ஆசையாக எட்டி எடுக்கப் போனது. இவள் தட்டைப் பின்னால் இழுத்தாள்.

"இருடி. மொதல்ல பெரிம்மா சாப்புடட்டும்."

"பாரேன், ஓரகத்திக்கு இன்னா மரியாத குடுக்கறா" என்று யாரோ ஒருத்தி சொன்னாள். எல்லாரும் சிரித்தார்கள்.

அவள் சிரிக்கவில்லை. தட்டை என் முன்னால் நீட்டியபடி என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள். நான் ஒரு பிடி எடுத்துப் போட்டேன். மென்றேன். காரம் தொண்டையில் ஏறியது. விழுங்கினேன். அப்பவும் தட்டு என் முன்னால்தான் இருந்தது.

யாரும் சொல்லாமல் நானே இன்னொரு பிடி எடுத்து வாயில் போட்டுக்கொண்டேன். அதையும் நான் விழுங்கின பிறகுதான் தட்டை மகள் பக்கம் திருப்பினாள்.