மசித்த பீன்ஸில் விழுந்த தாளிப்பு

வளைகுடாவில், அல் கூஸில் நான் பாத்திரம் கழுவிய சமையற்கூடத்தில் மெக்சிகோக்காரர்களின் சாப்பாடு தயாராகும். பெரிய சட்டிகளின் அடியில் ஒட்டிய ராஜ்மா பீன்ஸ் மசியலை இரண்டு வருடம் சுரண்டியவன் நான். அந்த மசியலைச் செய்துவந்த நேபாளி வேலையை விட்டு ஊருக்குப் போவதாக இருந்தது. திங்கட்கிழமை நீ செய்து காட்டு, சரியாக வந்தால் அந்த இடம் உனக்கு என்று தலைமைச் சமையல்காரர் சொல்லிவிட்டார். நாளெல்லாம் சோப்புத் தண்ணீரில் ஊறுகிறவனுக்கு அதைவிடப் பெரிய செய்தி கிடையாது.

ஞாயிறு எனக்கு லீவு. ரூமில் அன்றைய சமையல் முறையும் என்னுடையது. ஆறு பேர் முறை வைத்துச் சமைத்துச் சாப்பிட்டோம். ஞாயிறு என்றால் கோழிக்குழம்பு, அதை மாற்ற யாருக்கும் உரிமையில்லை. நான் கோழியை விட்டுவிட்டு முதல் நாளே ராஜ்மாவை ஊறப்போட்டேன். தப்புத்தான். ஆனால் ஒத்திகை பார்க்க எனக்கு வேறு அடுப்பும் இல்லை, வேறு நாளும் இல்லை.

ரூமில் மூத்தவர் சிவகங்கைப் பக்கத்துக்காரர். பதினைந்து வருடமாகக் கட்டட சைட்டில் கம்பி கட்டுகிறவர். யார் எந்தக் கட்டிலில் படுப்பது, ஏசியை எத்தனையில் வைப்பது எல்லாம் அவர் தீர்ப்பு. எனக்கு அவரைக் கண்டாலே ஆகாது. அவருக்கும் என்னை ஆகாது. குக்கர் சத்தம் கேட்டு வந்து எட்டிப் பார்த்தவர், கோழி எங்கே என்றார். இன்றைக்கு இதுதான் என்றேன். ஞாயிற்றுக்கிழமை மனுஷனுக்குப் பயறு போடுகிறான் பாருங்கள் என்று மற்றவர்களைக் கூப்பிட்டுக் காட்டினார். அவர்களும் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டார்கள்.

நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ராஜ்மா வெந்த தண்ணீரை வடித்துத் தனியே வைத்தேன். எண்ணெயில் வெங்காயம் சிவந்ததும் பூண்டும் கொஞ்சம் சீரகத்தூளும் போட்டேன். ராஜ்மாவைக் கொட்டி மத்தால் நசுக்கி, வடித்த தண்ணீரைக் கரண்டி கரண்டியாக விட்டு, சட்டியின் ஓரத்தை விட்டு மசியல் சுருண்டு வரும்வரை கிளறினேன். மஞ்சள் கிடையாது, மிளகாய்த்தூள் கிடையாது. நேபாளி பக்கத்துத் தொழிலாளர் கேம்பில்தான் இருந்தான். ஒரு டப்பா கொண்டுவந்தால் ருசி பார்த்து, சரியா தப்பா என்று சொல்வதாக ஒப்புக்கொண்டிருந்தான். ஆறட்டும் என்று சட்டியை மூடிவிட்டுக் குளிக்கப் போனேன்.

திரும்பி வரும்போதே வாசலில் கடுகு பொரிந்த வாசனை. மூத்தவர் என் மசியலில் வெந்நீர் ஊற்றி, சாம்பார்த்தூளைக் கரைத்து, கடுகும் வரமிளகாயும் கறிவேப்பிலையும் தாளித்துக் கொட்டிக்கொண்டிருந்தார்.

“தாளிக்க மறந்துட்டு குளிக்கப் போயிட்டியேப்பா,” என்றார், சிரிக்காமல்.

வேண்டுமென்றே செய்தார் என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன். நாளைக்குச் செய்து காட்ட வேண்டியதைச் சொல்லி, வாய்க்கு வந்ததையெல்லாம் பேசினேன். அவர் தட்டை எடுத்தார். ஐந்து பேரும் உட்கார்ந்து ருசித்துச் சாப்பிட்டார்கள். பசி என்னையும் உட்கார வைத்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, மூன்று தடவை சோறு போட்டுக்கொண்டேன். நேபாளியிடம் நான் போகவேயில்லை. அந்தக் குழம்பைக் கொண்டுபோய் என்ன கேட்பது?

திங்கட்கிழமை செய்முறை எதுவும் பிசகவில்லை. மசியல் அழகாகச் சுருண்டு வந்தது. துளி எடுத்து நாக்கில் வைத்தேன். சப்பென்று இருந்தது. முந்தின நாள் ருசி நாக்கை விட்டுப் போயிருக்கவில்லை. ஏதோ குறைகிறது என்று தோன்ற, கை தானாகவே காய்ந்த மிளகாயையும் சீரகத்தையும் எண்ணெயில் பொரித்து மேலே ஊற்றிவிட்டது. தலைமைச் சமையல்காரர் ஒரு கரண்டி எடுத்து வாயில் வைத்தார். பருப்பா செய்திருக்கிறாய் என்று இந்தியில் கேட்டார். கரண்டியை நான் கழுவுகிற தொட்டியில் போட்டுவிட்டுப் போனார்.

சாயங்காலம் ரூமுக்குள் நுழைந்ததும், போன காரியம் என்ன ஆச்சு என்று மூத்தவர் விசாரித்தார். கிடைக்கவில்லை என்றேன்.

“நேத்து நான் செஞ்ச மாதிரி செஞ்சிருந்தா குடுத்திருப்பான்,” என்றார்.

அப்படித்தான் செய்தேன் என்று நான் சொல்லவில்லை. அந்த ஆளிடம் அதை ஒப்புக்கொள்வதற்கு, அந்த வேலை கிடைக்காமல் போனதே மேல்.