இடது தோள் ஒன்றரை இஞ்ச் இறக்கம்

காமுவின் முன்பல் இரண்டும் சொந்தப் பல் கிடையாது. சொந்தப் பற்களைச் செம்பாக்கத்தில் ஒருவன் குக்கர் மூடியால் உடைத்தான். கோர்ட்டுச் சம்மனுக்குப் பயந்து நான்கு வருஷம் பதுங்கியிருந்தவன். "கூரியர் சார்" என்று சிரித்துக்கொண்டு நின்றவளின் வாயிலேயே போட்டான். அவள் ரத்தத்தைத் துப்பிவிட்டு, அவன் முகத்தைப் படமெடுத்துக்கொண்டுதான் படியிறங்கினாள்.

மேற்குத் தாம்பரத்தில் என் ஜெராக்ஸ் கடைக்கு மேல்மாடியில் அவள் ஆபீஸ். 'ஸ்கிப் ட்ரேசிங்' என்று போர்டு தொங்கும். ஓடி ஒளிந்தவர்களைத் தேடிப் பிடிக்கிற வேலை. முதலாளி கம்ப்யூட்டரில் நம்பர் தட்டிக்கொண்டிருப்பார். காமு தெருவில் இறங்கித் தொழிலைக் கற்றுக்கொண்டாள். பக்கத்து வீட்டைத் தட்டினால் உஷாராகிவிடுவார்கள், எதிர் வீட்டைத் தட்ட வேண்டும். தண்ணீர் கேன் போடுகிறவனுக்குத் தெரியாத வீடு கிடையாது. ஒவ்வொரு பாடத்துக்கும் அவள் உடம்பில் ஒரு தழும்பு உண்டு. தொடையில் நாய்க்கடி, முழங்கையில் ஏழு தையல்.

"ஓட்றவன் சிம்ம மாத்துவான், ஊர மாத்துவான். முடி வெட்ற ஆள மாத்த மாட்டான் அண்ணா" என்பாள். அப்படி ஒருவனைப் பல்லாவரத்து சலூனில் வைத்துப் பிடித்தாள். அவன்தான் அவள் முழங்கையைக் கண்ணாடியில் இடித்தவன்.

ஒன்றே ஒன்றை மட்டும் அவள் யாரிடமும் கேட்கமாட்டாள். "ஆளு எங்க கீதுன்றதுதான் என் வேல. ஏன் ஓட்னாங்கன்றது நமக்கு இன்னாத்துக்கு?" நானும் அதற்குத் தலையாட்டியிருக்கிறேன். அந்தத் தலையைச் சுவரில் முட்டிக்கொள்ள வேண்டும் போலிருக்கிறது இப்போது.

சித்திரை வெயிலில் ஒருநாள் ஸ்ரீவத்சன் என்றொருவன் வந்தான். இஸ்திரி கலையாத சட்டை, பணிவான பேச்சு. தங்கை ஸ்நேகா ஆறு வருஷத்துக்கு முன் காதல் கல்யாணம் செய்துகொண்டு போய்விட்டாளாம். அன்றிலிருந்து முகத்தைக்கூடப் பார்க்கவில்லையாம். அப்பா ஐசியூவில் இருக்கிறாராம். "கடைசியா கீழ்க்கட்டளைல இருந்தாள்னு கேள்விப்பட்டேன் மேடம். அப்பா கண்ண மூடறதுக்குள்ள ஒரு தடவ காட்டிடணும்" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டான். பாவி, நல்ல நடிகன். கீழே கடையில் ஆதார் நகல் எடுத்தபோது என்னிடமும் ஒரு பாட்டம் அழுதான்.

அவன் கொடுத்த தங்கை போட்டோவைக் காமு பார்த்தாள். நான் பார்த்தால் முகம்தான் தெரியும், அவளுக்கு ரவிக்கை தெரிந்தது. "கச்சிதமா தச்சிருக்கான் பாருங்க. இந்தப் பொண்ணு டெய்லர வுட்டுப் போவாது" என்றாள். கீழ்க்கட்டளையில் நாலு பெண்களிடம் விசாரித்து மொஹ்சின் பாயின் கடையைப் பிடித்தாள். கையில் ஒரு பட்டு ரவிக்கைத் துணி. "பாய், ஸ்நேகா என் ஃபிரெண்டு. பொறந்த நாளுக்கு அவளுக்குத் தெரியாம தச்சுக் குடுக்கணும். அவ அளவு உங்ககிட்ட கீது இல்ல?"

மொஹ்சின் பாய் அளவு நோட்டை விரித்தார். "அந்தப் பொண்ணுக்கு வேற எவர் தைச்சாலும் உக்காராதும்மா. போன தீபாவளிக்கு எலும்பு உடைஞ்சு வந்துச்சு. அளவே மாறிப்போச்சு. இப்போ நான்தான் கூரியர்ல அனுப்புறேன்." பக்கத்தில் எழுதியிருந்தது: இடது தோள் ஒன்றரை இஞ்ச் இறக்கம். கை மேலே எழும்பாது. கொக்கி முன்பக்கம். அதற்கும் கீழே கூடுவாஞ்சேரி விலாசம். கழுத்து டிசைனைப் படமெடுப்பதாகச் சொல்லி, காமு பக்கம் முழுவதையும் படமெடுத்தாள். தோள் ஏன் உடைந்தது என்று கேட்கத் தோன்றவில்லை. ஆள் அடையாளத்துக்கு நல்ல சாட்சி என்றுதான் அவளுக்குத் தோன்றியது.

மறுநாள் காலை பத்து மணிக்கு அந்தப் படத்தை அப்படியே ஸ்ரீவத்சனுக்கு அனுப்பினாள். கொஞ்ச நேரத்தில் பதில் வந்தது. அதை என் கடைக்கு வந்து பெருமையாக உரக்கப் படித்தாள்: "அவளேதான் மேடம். அந்த இடது தோள் எனக்குத் தெரியாதா."

படித்தவள் அப்படியே நின்றாள்.

"அண்ணா, ஆறு வருசமா பாக்கலன்னான். தோளு ஒடஞ்சது போன தீபாவளிக்கு. இவனுக்கு எப்டித் தெரியும்?"

அண்ணனாவது தங்கையாவது! உடைத்தவன் அவன்தான். அவள் புருஷன்.

நூறுக்குப் போன் போட்டு விலாசம் சொன்னாள். அடுத்து மொஹ்சின் பாயிடம் ஸ்நேகாவின் நம்பரைக் கேட்டாள். "நேத்து ஃபிரெண்டுன்னே, இன்னிக்கு நம்பர் கேக்குறே. யாரும்மா நீ?" என்று கத்தினார் அவர். "நான் யாரா வேணா இருந்துட்டுப் போறேன் பாய்! அவளாண்ட கதவத் தொறக்காதன்னு சொல்லு!" என்று அழுதாள். ஜி.எஸ்.டி. ரோட்டில் என் ஸ்கூட்டர் அதற்குமுன் அப்படிப் போனதில்லை. இருந்தும் பெருங்களத்தூர் நெரிசலில் பத்து நிமிஷம் சிக்கிக்கொண்டோம்.

பாய் சொல்லியிருக்கிறார், அவளும் தாழ்ப்பாள் போட்டிருக்கிறாள். கார் ஜாக்கிக் கம்பியின் முன் தாழ்ப்பாள் எந்த மூலைக்கு? நாங்கள் போனபோது கதவு பிளந்து கிடந்தது. ஸ்ரீவத்சன் அவள் கூந்தலைக் கையில் சுற்றிக்கொண்டு கம்பியை இறக்கினான். அவள் தலையைக் காக்க நல்ல கையை, அந்த வலது கையைத் தூக்கினாள். எலும்பு முறிகிற சத்தம் வாசல்வரை கேட்டது. அக்கம்பக்கத்தார் பால்கனியில் நின்று வேடிக்கை பார்த்தார்கள். அவர்களைத் திட்ட எனக்கு யோக்கியதை இல்லை, நானும் படியிலேயே உறைந்துபோய் நின்றேன்.

காமு நிற்கவில்லை. என் ஹெல்மெட்டைப் பிடுங்கிக்கொண்டு போய் அவன் பின்மண்டையில் அடித்தாள். அவன் திரும்பிக் கம்பியை அவள் வாயில் வீசினான். பொய்ப்பற்கள் தெறித்தன. கீழே விழுந்தவள் அவன் காலைக் கடித்து, இருந்த பற்களால் விடாமல் பிடித்தாள். அவன் உதைத்தான், உதைத்தான். அவள் விடவில்லை. போலீஸ் வந்து அவனைப் பிரித்தெடுத்தபோது அவள் வாயில் இருந்தது யார் ரத்தம் என்று தெரியவில்லை.

ஆஸ்பத்திரியில், வலது கையில் மாவுக்கட்டோடு கிடந்த ஸ்நேகா அவளைப் பார்த்துக் கண்ணீர் விட்டாள். "நீங்க வரலேன்னா செத்திருப்பேன்க்கா. என்னை எப்படித்தான் கண்டுபிடிச்சானோ."

காமு என்னைப் பார்த்தாள். சும்மா இரு என்று கண்ணால் கெஞ்சினேன். அவள் கேட்கவில்லை.

"நான்தான் கண்டுபுடிச்சுக் குடுத்தேன். உன் டெய்லராண்ட பொய் சொல்லி வாங்குனேன்."

நிதானமாகக் குனிந்து, வீங்கிய கன்னத்தை ஸ்நேகாவின் அருகே கொண்டுபோனாள். "அடி" என்றாள்.

அடிக்கத்தான் பார்த்தாள் அந்தப் பெண். ஒரு கை கட்டுக்குள் கிடந்தது. இன்னொன்று மார்புவரை வந்து, அதற்குமேல் எழாமல் போர்வையில் விழுந்தது.