பளுது என்று ஒரு வரி

2006 தீபாவளி சீசன் முடிந்த வாரம், கையில் ஒரு சிடியோடு சிவகாசியில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை ஒன்றில் படியேறியபோதுதான் செல்வக்குமார் சோலையம்மாளை முதன்முதலாகப் பார்த்தான். அச்சகக்காரர் ஒருவரை அவள் விரட்டிக்கொண்டிருந்தாள்.

"சாஃப்ட்வேர் பூட்ட ஒடச்சுத் திருட்டுக் காப்பி போட்டுத்தர நான் ஆளில்ல அண்ணாச்சி. வைரஸ் வந்தா வாங்க, பாக்கேன்."

தாயில்பட்டிக்காரி, பாலிடெக்னிக் படித்துவிட்டு அந்தக் கடையில் வேலைக்கு இருந்தாள். பென்டிரைவில் வரும் வைரஸைப் பிரித்து உள்ளே இருப்பதைப் பார்ப்பதில் அவளை மிஞ்ச அந்த வட்டாரத்தில் ஆள் கிடையாது.

செல்வக்குமாருக்கு விஸ்வநத்தம். குடும்பத்தில் பட்டம் வாங்கிய முதல் ஆள். அதை யாரிடமும் இரண்டாவது பேச்சிலேயே சொல்லிவிடுவான். அவளிடமும் சொன்னான். ஒரு தாளில் எத்தனை பட்டாசு லேபிள் அடங்கும் என்று பார்த்து அடுக்கித் தரும் புரோகிராம் ஒன்றைக் கல்லூரியில் எழுதியிருந்தான். கம்ப்யூட்டர் சென்டர் ரத்தினசாமி, "பாத்துட்டுத் தாரேன்" என்று வாங்கிப்போய், முகப்பை மாற்றித் தன் பெயரில் அச்சகங்களுக்கு விற்றுவிட்டார். கேட்டால், "பட்டாசு மருந்து கலக்குறவன் மகன் புரோகிராம் எழுதுனானாக்கும்! ஒன்னுதுன்னு காட்டுலே பாப்போம்" என்று சிரித்தார். அவன் எழுதிய மூலப் பிரதியோ கல்லூரிக் கம்ப்யூட்டரோடு அழிந்துபோயிருந்தது. ரத்தினசாமி விற்றது அவன் கையிலிருந்த அந்தச் சிடி; திறந்தால் வெறும் குப்பை எழுத்துகள். சுருக்கி, உறை போட்டு மூடியிருந்தார்.

"பாத்துச் சொல்லுதேன். பொய்யின்னா இங்கனயே காறித் துப்பிருவேன்" என்றாள் சோலையம்மாள்.

"உறைய எப்பிடிப் பிரிப்பீக?"

"நாம ஏன் பிரிக்கணும்? ஓடணும்னா அதுவே மெமரில அவுந்துதான ஆகணும். அவுந்து முடிச்சு நெசப் புரோகிராம் மொத அடி எடுத்து வைக்கும்லா, அங்கன நிறுத்தி அப்பிடியே அள்ளிருவேன்."

மூன்று தடவை புரோகிராம் அவள் நிறுத்துமுன் நழுவி ஓடியது. நான்காம் தடவை நின்றது. அள்ளியதைத் தமிழ் ஃபான்ட்டில் ஓட்டிக் காட்டினாள். சோதனைக்காக எழுதி, அவன் அழிக்க மறந்த வரி ஒன்று, திரையில் எங்கும் வராதது, நடுவே கிடந்தது: 'சக்கரப் பெட்டி அளவு பளுது. நாளைக்குப் பாக்கணும்.'

"பளுதா? இத வச்சுக்கிட்டா டிகிரி வாங்குனீக?"

தன் வரியைக் கண்ட வேகத்தில் வெட்கப்படவும் தோன்றாமல் எழுந்து நின்றுவிட்டான்.

அந்தப் புரோகிராமை வாங்கியிருந்த அச்சக முதலாளி ஜெயச்சந்திரனிடம் இருவரும் போனார்கள். ரத்தினசாமியும் அங்கே இருந்தார். அந்த வரியைச் செல்வக்குமார் காட்டினான்; அது உள்ளே கிடப்பதே ரத்தினசாமிக்குத் தெரிந்திருக்கவில்லை. ஜெயச்சந்திரன் அதை இரண்டு முறை வாசித்தார். நம்பிவிட்டார் என்று முகத்திலேயே தெரிந்தது. பிறகு ரத்தினசாமி பக்கம் திரும்பினார்.

"அந்த எழுத்த மட்டும் திருத்திருங்க அண்ணாச்சி. வெளியூர் ஆளுக பாத்தா அசிங்கம்."

"செஞ்சிருவோம். தம்பி, காப்பி சாப்பிடுதீகளா?"

செல்வக்குமாருக்கு, 'லே' போட்ட வாய் 'தம்பி' என்றதுதான் ஏச்சை விட நாறியது.

"களவாண்டது அசிங்கமில்ல, எழுத்துப் பெசகுனதுதான் அசிங்கமாக்கும்! த்தூ!" சோலையம்மாள் நிசமாகவே துப்பினாள், முதலாளியின் கண்ணெதிரே, அச்சக வாசலில்.

அந்த வாரமே அச்சக வேலை எதுவும் அவள் வேலை பார்த்த கடைக்கு வராமல் நின்றது. கடைக்காரர் அவளைப் போகச் சொல்லிவிட்டார். புரோகிராம் இன்றும் ரத்தினசாமி பெயரில்தான் ஓடுகிறது. சோலையம்மாள் இப்போது சென்னையில், வைரஸ் தடுப்பு மென்பொருள் செய்யும் கம்பெனி ஒன்றில் வேலை பார்க்கிறாள்.