விபத்தே நடக்காத யார்டு

அந்த ரயில்வே சரக்கு யார்டில் இருபத்தாறு வருடம் வேகன்களுக்குக் கொக்கி மாட்டியவர் அவர். எஞ்சின் பின்னாலிருந்து தள்ளிக்கொண்டு வரும். இரண்டு வேகன்கள் முட்டுகிற நொடியில் நடுவே புகுந்து, மாட்டிவிட்டு, குனிந்தபடியே வெளியே வந்துவிட வேண்டும். பத்தொன்பதாம் வருடம், ஒரு மழை நாள் மாலை. விளக்குக் கம்பத்தில் பல்பு போய் இரண்டு மாதம் ஆகியிருந்தது. டிரைவருக்கு ஆள் தெரியவில்லை. இடது கையின் மூன்று விரல்கள் போயின.

விசாரணை அதிகாரி ஆஸ்பத்திரிக் கட்டிலுக்கே வந்தார்.

"வண்டி நகரும்போது எங்கய்யா நின்ன?"

"நடுவுல சார்."

"அங்க உனக்கென்ன வேலை?"

"கொக்கி அங்கதான சார் இருக்கு!"

முடிவு: ஊழியரின் கவனக்குறைவு. அவருக்கு முன்னால் கை போன நால்வருக்கும், உயிரே போன இருவருக்கும் இதே முடிவுதான். பார்க்க வந்த உறவுகள் விதி என்று மூக்கைச் சிந்தியபோது, "விதி இல்லம்மா, பல்பு" என்றார்.

பிறகு சரக்கெல்லாம் லாரிக்குப் போனது. யார்டை இழுத்து மூடினார்கள். தண்டவாளம் புல்லுக்குள் மறைந்தது. பன்னிரண்டு வருடம் கழித்து நிர்வாகத்துக்குத் திடீரென்று பாசம் பொங்கியது. அங்கே ஒரு பூங்கா போட்டு, யார்டின் வரலாற்றைக் கல்லில் வெட்டி நட்டார்கள். கடைசி வரி: 'எழுபது ஆண்டுகளில் ஒரு விபத்துகூட நிகழாத யார்டு.'

அந்த வரியை மாற்றச் சொல்லி அவர் மனுவோடு அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார்.

"செத்த யார்டோட இன்னும் என்னங்க சண்டை?" என்றாள் மனைவி.

"எங்க செத்துச்சு? பூங்காவுல நின்னு பொய் சொல்லிக்கிட்டிருக்கு."

அலுவலகத்தில் இருந்த இளம் அதிகாரி மரியாதை தெரிந்தவர். "கல்லுல இடமில்லயே பெரியவரே."

"எங்க ஏழு பேரை நசுக்க யார்டுல இடம் இருந்துச்சே தம்பி!"

அதிகாரி தலையைச் சொறிந்தார். திருத்துவதாக வாக்குக் கொடுத்தார். மூன்றாம் மாதம் திருத்தியும்விட்டார்.

பெரியவர் மனைவியை அழைத்துக்கொண்டு பார்க்கப் போனார். பழைய வரி அப்படியே இருந்தது. அதன் கீழே பொடி எழுத்தில் புதிதாக ஒன்று: 'ஊழியர்களின் சொந்தக் கவனக்குறைவால் நேர்ந்தவை நீங்கலாக.'

மனைவிக்கு முகம் செத்துவிட்டது. "வாங்க, போயிடலாம்."

அவர் இரண்டாம் தடவையும் படித்தார். "இரு. ஒத்துக்கிட்டாங்க பாரு."

"என்னத்த?"

"நடந்துச்சுன்னு! நேத்துவரைக்கும் நாங்க ஏழு பேரும் இல்லவே இல்ல. இன்னிக்குக் குற்றவாளி ஆயிட்டோம். இல்லாதவன் பேச்சை எவன் கேப்பான்? குற்றவாளின்னா விசாரிச்சுத்தான ஆகணும்!"

பூங்கா பெஞ்சில் உட்கார்ந்து, முழங்காலில் தாளை விரித்து, அவளிடம் பேனா கேட்டார்.