சீனி முட்டை

சென்ற மாதம் சுங்கை பட்டாணியில் எங்கள் அலுவலகத்தில் ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவந்து பகிர்ந்து சாப்பிட்டோம். புதிதாக வேலைக்குச் சேர்ந்த பெண் ஒருத்தி அவித்த முட்டைகளைப் பாதி பாதியாக வெட்டி, மஞ்சள்கருவைத் தனியே எடுத்துப் பிசைந்து, திரும்ப அதே குழிகளில் பூவைப்போல வைத்து ஒரு தட்டு நிறையக் கொண்டுவந்திருந்தாள். கைபேசியில் பார்த்துக் கற்றுக்கொண்டாளாம். மற்றவர்கள் அதை அதிசயமாகப் பார்த்துக்கொண்டிருக்க, நான் பழைய சிநேகிதியைக் கண்டவள்போல் முந்திப்போய் ஒன்றை எடுத்து வாயில் போட்டேன். உப்பும் மிளகுமாக இருந்தது. சீனி போட மறந்துவிட்டாயா என்று கேட்டேன். முட்டைக்கு யாராவது சீனி போடுவார்களா அக்கா என்று அவள் சிரித்தாள்.

போடுவார்கள். எங்கள் வீட்டில் போட்டார்கள்.

அப்போது எனக்கு ஏழு வயது. சுங்கை லாலாங் பக்கம் எண்ணெய் எடுக்கும் செம்பனை மரத் தோட்டம் ஒன்றில் குடியிருந்தோம். அப்பா குலை வெட்டும் வேலை பார்த்தார். அம்மா செம்பனைக் கன்றுகளுக்குத் தண்ணீர் ஊற்றப் போய்க்கொண்டிருந்தவர், தம்பி வயிற்றில் வந்ததும் நின்றுவிட்டார். தம்பி என்று எப்படித் தெரியும் என்றால், நான்தான் சொன்னேன். தங்கை வேண்டாம், என் பொம்மைகளை எடுத்துக்கொள்வாள் என்று நான் முடிவு செய்திருந்தேன். பெரியவர்கள் யாரும் அதை மறுக்கவில்லை.

அதுவரை வீட்டில் என்னைப் பாப்பா என்றுதான் கூப்பிட்டார்கள். அம்மாவின் வயிறு தெரிய ஆரம்பித்ததும் எனக்குப் பதவி உயர்வு கிடைத்தது. அக்கா இங்கே வா, அக்கா சாப்பிட்டாச்சா என்று அப்பாவே கூப்பிட ஆரம்பித்தார். பக்கத்து வீட்டுக்காரர்களும் சேர்ந்துகொண்டார்கள். அந்தப் பெயர் எனக்கு மிகவும் பிடித்துப்போயிற்று. நடையைக்கூடக் கொஞ்சம் மாற்றிக்கொண்டேன்.

அக்காவுக்கு ஒரு வேலையும் இருந்தது. பிள்ளை பெற்று வரும் அம்மாவுக்குப் பத்தியச் சாப்பாட்டில் நாட்டுக்கோழி முட்டை வேண்டும், கடை முட்டை ஆகாது என்று அப்பா கோழிகளை வளர்த்தார். தினமும் காலையில் கொட்டகைக்குள் தவழ்ந்து போய் முட்டைகளை எடுத்து வருவது என் பொறுப்பு. அப்பா அவற்றைத் துடைத்து, உமி போட்ட பெரிய கூடையில் அடுக்குவார். நான் ஒரு முட்டை கேட்டால்கூட, இது அம்மாவுக்கு என்பார்.

ஒரு நாள் அம்மாவுக்கு வலி எடுத்து, அண்டை வீட்டு மாமாவின் காரில் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். மூன்றாம் நாள் அம்மா கையை வீசிக்கொண்டு திரும்பி வந்தார். தம்பி பிறக்கும்போதே மூச்சில்லாமல் பிறந்ததும், அப்பாவும் தோட்டத்து ஆட்கள் இருவரும் அவனைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்து தோட்டத்துக் கடைசியில் உள்ள இடுகாட்டில் புதைத்ததும் எனக்குப் பிறகுதான் தெரியும். அன்றைக்கு என்னிடம் சொன்னது, தம்பி சாமிகிட்டப் போய்விட்டான் என்பதுதான். சாமியிடம் போனவர்கள் எல்லாரும் பிரசாதத்தோடு திரும்பி வருவதைத்தான் நான் பார்த்திருக்கிறேன். அதனால் அது ஒரு பெரிய விஷயமாக எனக்குப் படவில்லை.

பெரிய விஷயமாகப் பட்டது வேறொன்று. என்னை மறுபடியும் பாப்பா என்று கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள். யாரும் சொல்லிவைத்து மாற்றியதுபோல் இல்லை. மறுநாள் காலையில் அப்பா, பாப்பா பல் விளக்கிட்டியா என்றார். பக்கத்து வீட்டில் பாப்பா பசியாறிட்டியா என்றார்கள். என்ன தப்பு செய்தேன் என்று எவ்வளவு யோசித்தும் எனக்குப் புரியவில்லை.

அம்மா எதுவும் பேசுவதில்லை. உள் அறையில் சுவரைப் பார்த்துப் படுத்திருப்பார். கஞ்சி வைத்தால் இரண்டு வாய் குடித்துவிட்டுக் கிண்ணத்தைத் தள்ளிவிடுவார். அழவும் இல்லை. அழுதுவிட்டால் தேவலாம் என்று பக்கத்து வீட்டுப் பெண்கள் அப்பாவிடம் தாழ்ந்த குரலில் சொன்னார்கள். அழுதால் எப்படி நல்லது என்று அதுவும் எனக்கு விளங்கவில்லை. நான் அழுதால் மட்டும் எல்லாரும் அதட்டினார்கள்.

கோழிகளுக்கு இதெல்லாம் தெரியாது. அவை முட்டை இட்டுக்கொண்டே இருந்தன. என் வேலையை நிறுத்தச் சொல்லி யாரும் சொல்லாததால் நானும் எடுத்து வந்து கூடையில் வைத்துக்கொண்டே இருந்தேன். அப்பா மட்டும் அந்தப் பக்கம் வருவதை நிறுத்திவிட்டார். முட்டைகள் துடைக்கப்படாமல் அழுக்கோடு குவிந்தன.

அப்படி இருக்கும்போதுதான் சித்தி வந்தார். அம்மாவின் தங்கை. கூலிமில் தொழிற்சாலை எஞ்சினியராக இருந்த ஒரு வெள்ளைக்காரர் வீட்டில் தங்கிச் சமையல் வேலை பார்த்தார். லீவு கேட்டுக்கொண்டு வந்திருந்தார். வந்ததும் அம்மாவின் தலையைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தார். பிறகு அப்பாவை மல்லிகைப்பூ வாங்கி வரச் சொன்னார். அதைத் தொடுத்து அம்மாவின் தலையில் வைப்பார் என்று பார்த்தால், மாரோடு வைத்துத் துணியால் இறுகக் கட்டினார். இவ்வளவு நல்ல பூவை யாருக்கும் தெரியாமல் ரவிக்கைக்குள் ஒளித்து வைப்பானேன் என்று எனக்கு வருத்தமாக இருந்தது. கேட்டதற்கு, பால் வற்றுவதற்கு என்றார் சித்தி. வீட்டில் மாடு கிடையாது. சித்திக்குப் புத்தி கொஞ்சம் தடுமாறிவிட்டது என்று எண்ணிக்கொண்டேன்.

மறுநாள் அடுப்படியைச் சுத்தம் செய்யும்போது சித்தி கூடையைக் கண்டார். மூடியைத் திறந்து பார்த்தவர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். வேலைக்குக் கிளம்பிய அப்பா வாசலில் நின்றுகொண்டு, தூக்கிப் போடவும் மனசு வரல, யாருக்கும் கொடுக்கவும் மனசு வரல என்று மட்டும் சொன்னார். சித்தி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தார்.

"பாப்பா, வா. நாம ரெண்டு பேரும் ஒன்னு செய்வோம்."

வாளியில் தண்ணீர் பிடித்து முட்டைகளை ஒவ்வொன்றாக விட்டோம். மிதந்தவை கெட்டவையாம், அவற்றை எடுத்து வெளியே வைத்தோம். மூழ்கியவற்றைப் பெரிய பானையில் போட்டு அவித்தோம். கொஞ்சம் நாள்பட்ட முட்டைதான் ஓடு ஒட்டாமல் உரியும் என்று சித்தி சொன்னார். அது உண்மைதான். என் விரலுக்குக்கூட முழுசு முழுசாகக் கழன்று வந்தது. சித்தி நூலை இரண்டு கையிலும் இழுத்துப் பிடித்து முட்டையின் நடுவில் அழுத்தினார். கத்தியில்லாமல் இரண்டாகப் பிளந்துகொண்டது. மஞ்சள்கருவைத் தோண்டிக் கிண்ணத்தில் போடுவது என் பங்கு.

இதைச் செய்யப் புட்டியில் வரும் ஒரு வெள்ளைக் குழம்பு வேண்டுமாம். வெள்ளைக்கார அம்மா வீட்டில் அதைக் கரண்டி கரண்டியாகப் போடுவார்களாம். எங்கள் தோட்டத்துக் கடையில் அதன் பெயரைச் சொன்னதும் கடைக்காரர் ஒன்றும் புரியாமல் கொசுவர்த்தி எடுத்துக் கொடுக்கப் பார்த்தார். சித்தி யோசித்துவிட்டு ஒரு டின் பாலும் ஒரு புட்டி புளிப்புக் காடியும் வாங்கினார். டின் பாலில் காடியை விட்டுக் கலக்கியதும் அது தானாகவே கெட்டிப்பட்டுக் குழம்பாகிவிட்டது. அதைக் கருவில் ஊற்றி, கூலிமிலிருந்து கொண்டுவந்த கடுகு விழுதையும் ஒரு பிடிச் சீனியையும் போட்டுப் பிசைந்தார். வெள்ளரிக்காயைப் பொடியாக நறுக்கிப் பிழிந்து சேர்த்தார். நான் ருசி பார்த்தேன். இன்னும் சீனி என்றேன். போட்டார். இன்னும் என்றேன். அதையும் போட்டார். சித்தியைப்போல் சொன்ன பேச்சைக் கேட்கும் பெரியவரை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

இதற்குப் பெயர் என்ன என்று கேட்டேன். சித்தி வாசலை எட்டிப் பார்த்துவிட்டு என் காதில் சொன்னார். வெள்ளைக்காரர்கள் இதைப் பேய் முட்டை என்பார்களாம். காரமாக இருப்பதால் அந்தப் பெயராம். பச்சை உடம்புக்காரி இருக்கும் வீட்டில் பேய் என்ற பேச்சை எடுத்தது தெரிந்தால் பக்கத்து வீட்டுக்காரர்கள் நம் இரண்டு பேருக்கும் வேப்பிலை அடித்துவிடுவார்கள், வாயைத் திறக்காதே என்றார். அதனால் நாங்களே சீனி முட்டை என்று பெயர் வைத்தோம். மேலே தூவ அம்மாவின் மிளகாய்த்தூள் டின்னை எடுத்தபோது சித்தி சிரித்தார். பல நாளாக அந்த வீட்டில் யாரும் சிரிக்காததால் அந்தச் சத்தம் எனக்கே புதிதாக இருந்தது.

அப்பா வேலை முடிந்து வந்து குளித்ததும் சித்தி தட்டை உள் அறைக்கே எடுத்துக்கொண்டு போனார். எல்லாரும் பாய்களில் உட்கார்ந்தோம். அப்பா ஒன்றை எடுத்துக் கடித்து, முகம் ஒரு மாதிரியாகி, பிறகு நல்லாருக்கு என்றார். அம்மா திரும்பிப் பார்க்கவில்லை.

"அக்கா, ஒன்னே ஒன்னு சாப்பிட்டுப் பாருக்கா. பாப்பாதான் செஞ்சா," என்று சித்தி அம்மாவிடம் கெஞ்சினார்.

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. காலையிலிருந்து முட்டை உரித்தது நான், கரு தோண்டியது நான், சீனி எவ்வளவு என்று சொன்னதும் நான். அப்படியும் பாப்பாவா?

"நான் பாப்பா இல்ல," என்றேன். "நான் அக்கா. நீங்கதானே வச்சீங்க. அப்புறம் ஏன் எடுத்துட்டீங்க?"

அப்பாவின் கை தட்டுக்கும் வாய்க்கும் நடுவில் நின்றுவிட்டது. சித்தி என் வாயைப் பொத்த வந்தார். அதற்குள் அம்மா மெல்லத் திரும்பி, கையை ஊன்றி எழுந்து உட்கார்ந்தார். என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அடி விழப்போகிறது என்று நான் தோளைக் குறுக்கிக்கொண்டேன்.

"ஆமாம்மா," என்றார் அம்மா. "நீ அக்காதான். யாரும் எடுக்க முடியாது."

சொல்லிவிட்டு என்னை இழுத்து அணைத்துக்கொண்டு அழ ஆரம்பித்தார். அப்படி ஓர் அழுகையை நான் கேட்டதில்லை. அம்மாவின் மாரில் கட்டியிருந்த மல்லிகை வாடிப்போய் மூக்கை அடைத்தது. அப்பா எழுந்து வெளியே போனார். சித்தி அம்மாவின் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தார். போன பதவி திரும்பக் கிடைத்ததற்கு அம்மா ஏன் இவ்வளவு அழுகிறார் என்று எனக்குத் தெரியவில்லை. ஆனாலும் கிடைத்துவிட்டது. அதனால் பேசாமல் இருந்தேன்.

அழுது ஓய்ந்ததும் அம்மா ஒரு முட்டையை எடுத்துச் சாப்பிட்டார். பிறகு இன்னொன்று. இதில் என்ன போட்டிருக்கிறது என்று சித்தியிடம் கேட்டார். டின் பால், சீனி என்று சித்தி சொல்லிக்கொண்டு வந்தார். பாலும் சீனியுமா என்று அம்மா ஒருமுறை திருப்பிச் சொன்னார். வெளியே இருந்த அப்பாவைக் கூப்பிட்டு, என்னை அங்கே கூட்டிக்கொண்டு போங்கள் என்றார். பச்சை உடம்போடு அங்கெல்லாம் போகக் கூடாது என்று சித்தி தடுத்தார். அப்பாதான், நாளைக்குக் காலையில் வெயில் ஏறுவதற்குள் போய் வந்துவிடலாம் என்றார்.

காலையில் அம்மா தலைக்குத் துணி கட்டிக்கொண்டார். சித்தி வீட்டிலேயே தங்கிவிட்டார். மிச்சமிருந்த முட்டைகளில் சிலவற்றை அம்மா ஒரு டப்பாவில் வைத்து என்னிடம் கொடுத்தார். பள்ளிக்கூடத்தில் எங்களை ஒருமுறை ஆற்றங்கரைக்கு அழைத்துப்போய் உட்காரவைத்துச் சாப்பாடு கொடுத்திருந்தார்கள். இதுவும் அப்படித்தான் என்று நினைத்து டப்பாவை அணைத்துக்கொண்டு முன்னால் ஓடினேன். செம்மண் பாதையின் இரண்டு பக்கமும் செம்பனை ஓலைகள் பனி சொட்டிக்கொண்டிருந்தன. நான் பாட்டுக்கூடப் பாடினேன். அப்பா அம்மாவின் கையைப் பிடித்து மெதுவாக நடத்திக்கொண்டு வந்தார். என் பாட்டை நிறுத்தச் சொல்லவில்லை.

தோட்டம் முடியும் இடத்தில், புல் வெட்டாத ஒரு மேட்டின் ஓரமாக அப்பா நின்றார். அங்கே புது மண்ணில் சின்னக் குவியலும் அதைச் சுற்றி ஆற்றுக் கற்களும் இருந்தன. அப்பா செருப்பைக் கழற்றிவிட்டு வேறு பக்கம் பார்த்தபடி நின்றார். அம்மா குந்தி உட்கார்ந்து மண்ணைக் கையால் நிரவினார். பிறகு என்னிடமிருந்து டப்பாவை வாங்கி, அதிலேயே அழகாக வந்திருந்த ஒன்றை எடுத்தார். மிளகாய்த்தூள் பட்டிருந்த இடத்தை விரலால் சுரண்டி எடுத்துவிட்டு, ஓர் இலையைக் கிள்ளி, முட்டையை அதன் மேல் வைத்து மண்ணில் வைத்தார்.

"எறும்பு வரும்மா," என்றேன்.

"வரட்டும்," என்றார் அம்மா.

எனக்கு அப்போது எல்லாம் புரிந்துவிட்டதாகத் தோன்றியது. அம்மாவுக்கு முட்டை உண்மையில் பிடிக்கவே இல்லை. சித்தி முகம் வாடிவிடும் என்று நேற்றுச் சிரமப்பட்டுச் சாப்பிட்டிருக்கிறார். இன்றைக்கு யாரும் பார்க்காத இடமாகப் பார்த்துக் கொண்டுவந்து போடுகிறார். பாவம், அம்மா. அதைவிடப் பாவம், சித்தி.

திரும்பி வந்தபோது சித்தி வாசலிலேயே காத்துக்கொண்டிருந்தார். என்னைத் தனியாக அழைத்து, அங்கே அம்மா என்ன செய்தார், அழுதாரா, சாப்பிட்டாரா என்று கேட்டார். நான் அக்காவாயிற்றே. எல்லா முட்டையையும் அம்மாவே சாப்பிட்டுவிட்டார் சித்தி, ரொம்ப ருசி என்று சொன்னார் என்றேன். சித்தி என்னைக் கட்டிக்கொண்டு ஏன் அழுதார் என்பது மட்டும்தான் எனக்குப் புரியாமல் இருந்தது.