இருபது மணி நேரத்து ரத்தம்

வாலாஜாபாத் ரைஸ் மில்லில் என் நெல் மூட்டைகளின் முறை வருவதற்காக நின்றுகொண்டிருந்தபோது அந்த போன் வந்தது. தெரியாத எண். லோன் வேண்டுமா என்று கேட்பவர்களுக்காகவே வைத்திருக்கும் கடுமையான குரலில் "யாரு?" என்றேன். மறுமுனையில் ஒரு பெண் பெரிய ஆஸ்பத்திரியிலிருந்து பேசுவதாகச் சொன்னாள். என் மகளின் பெயரைச் சொல்லி, "அவங்க கொழந்தைக்கு நீங்க இன்னா வேணும் சார்?" என்று கேட்டாள்.

எட்டு நாளாகத்தான் நான் தாத்தா. பதவி புதிது என்பதால் வாய்விட்டுச் சொல்லக் கூச்சமாக இருந்தது. சொன்னேன்.

"குதிகால்ல ரத்தம் எடுத்தாங்க இல்ல, அந்த டெஸ்ட்ல தைராய்டு அளவு ஒண்ணு ஜாஸ்தியா வந்திருக்கு. நாளைக்குக் காலையில கொழந்தையத் தூக்கிக்கினு பெரிய ஆஸ்பத்திரிக்கு வந்துடுங்க. திரும்பப் பாக்கணும். பயப்படாதீங்க."

அந்தக் கடைசிச் சொல் வரும்வரை நான் பயப்படவில்லை.

"வியாழக்கிழமை பேர் வெக்கிறோம்மா. அது முடிஞ்சதும் வரட்டுமா?"

"நாளைக்கே சார். இதுல நாள் தள்ளக் கூடாது."

மில்லில் என் முறை வந்தது. பின்னால் இருந்தவரை முன்னால் போகச் சொன்னேன். அவர் என்னைச் சந்தேகமாகப் பார்த்தார். அந்த மில்லில் அதுவரை யாரும் அப்படிச் சொன்னதில்லை.

அந்த ரத்தம் எடுத்த கதையைச் சொல்லியாக வேண்டும். சொல்லாமல் விட்டால் எனக்கு நல்லது, அதனாலேயே சொல்கிறேன்.

தலைப்பிரசவம் என்பதால் மகள் உத்திரமேரூர் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊருக்கு வந்திருந்தாள். ஞாயிற்றுக்கிழமை மாலை ஆறு மணிக்குப் பெண் குழந்தை. சுகப்பிரசவம். மறுநாள் காலையில் என் மனைவி ஊர் ஆஸ்பத்திரிச் சுவரில் தொங்கிய தினசரி காலண்டரைப் புரட்டிவிட்டு வந்து, "செவ்வாக்கெயம அஷ்டமி, புதங்கெயம நவமி. இன்னிக்குச் சாயந்தரத்துக்குள்ள வூட்டுக்குப் போயிடணும். இல்லாங்காட்டி வியாயக்கெயமதான்" என்றாள். எனக்கு அஷ்டமி நவமியில் நம்பிக்கை கிடையாது. அவற்றை நம்புகிறவளோடு இருபத்தேழு வருடம் குடித்தனம் நடத்தியதில் அந்த நம்பிக்கையின்மைக்குப் பெரிய உபயோகமும் இருந்ததில்லை. தாயும் சேயும் நன்றாக இருந்தார்கள். டாக்டரிடம் கெஞ்சிக் கூத்தாடி அனுமதி வாங்கினேன்.

நர்ஸ் மட்டும் மசியவில்லை. "கொழந்தைக்குக் குதிகால்ல ஒரு டெஸ்ட் எடுக்கணும் சார். ரெண்டு நாள் ஆவணும் அதுக்கு. நாளைக்குச் சாயந்தரம் எடுத்துட்டுப் போலாமே."

மனைவியும் மகளும் உள்ளே பையைக் கட்டிக்கொண்டிருந்தார்கள். நான் கதவோரம் நின்று அந்தப் பெண்ணுக்கு விஞ்ஞானம் சொன்னேன். "இன்னிக்கு ஓடுறதும் அதே ரத்தந்தானம்மா? நாளைக்கு வேற ரத்தமா ஓடப்போவுது?" புத்தகம் படிக்கிறவன் என்று ஊரில் எனக்கு ஒரு பெயர் உண்டு. எந்தப் புத்தகம் என்று இதுவரை யாரும் கேட்டதில்லை.

அவள் என்னைச் சற்று நேரம் பார்த்தாள். பிறகு குழந்தையின் குதிகாலைத் துடைத்து, குத்தி, அட்டையில் இருந்த வட்டங்களில் ஒவ்வொரு சொட்டாக வைத்தாள். ஓரத்தில் 'பிறந்து இருபது மணி நேரம்' என்று எழுதினாள். "புதங்கெயம மறுக்கா ஒருதபா கூட்டிக்கினு வந்துடுங்க சார். மறந்துடாதீங்க."

"கண்டிப்பா" என்றேன். புதன்கிழமை நவமி.

மில்லிலிருந்து வீட்டுக்கு வருவதற்குள் போனில் பார்த்து எல்லாவற்றையும் தெரிந்துகொண்டேன். அதுதான் நான் செய்த அடுத்த தப்பு. சுரப்பி சோம்பினால் அதைத் தூண்டும் ஹார்மோன் ஏறுமாம், ஜாஸ்தி என்று சொன்னது அதைத்தான். பிறவியிலேயே தைராய்டு சுரப்பி சரியாக வேலை செய்யாத குழந்தைகளுக்கு முதலில் வெளியே ஒன்றுமே தெரியாதாம். தெரிய வரும்போது மூளை வளர்ச்சியில் விட்டதைப் பிடிக்க முடியாதாம். இரண்டு வாரத்துக்குள் மாத்திரை ஆரம்பித்துவிட்டால் மற்ற குழந்தைகளைப் போலவே வளருமாம். பேத்திக்கு எட்டு நாள் ஆகியிருந்தது. கீழே அடையாளங்களின் பட்டியல்: நிறையத் தூங்கும், குடிக்கச் சோம்பும், மஞ்சளாக இருக்கும், மலச்சிக்கல், தொப்புள் புடைப்பு, நாக்கு பெரிது. இந்தப் பட்டியலை வைத்துக்கொண்டு பார்த்தால் எந்தப் பச்சைக்குழந்தையும் தப்பாது. மலச்சிக்கலையும் தூக்கத்தையும் சேர்த்தால் நானும் தப்ப மாட்டேன்.

வீட்டில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. விளக்கைப் போட்டேன், அசையவில்லை. கன்னத்தைத் தொட்டேன், அசையவில்லை. தாடையை மெல்ல அழுத்தி நாக்கைப் பார்த்துக்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து மனைவி கேட்டாள்.

"இன்னாத்துக்கு பச்சக்கொயந்த வாயத் தொறந்து பாத்துக்கினு கீறீங்க? மாடு புடிக்க வந்தீங்களா?"

சொன்னேன். நின்றபடியே கேட்டவள் அப்படியே கீழே உட்கார்ந்தாள். நான் குரலைத் தாழ்த்தித்தான் சொன்னேன். ஆனால் எங்கள் வீட்டில் தாழ்த்திய குரல்தான் முதலில் காதில் விழும். அடுத்த அறையிலிருந்து மகள் எழுந்து வந்தாள்.

"அதனாலதான் பால் குடிக்கும்போதே தூங்கிடுதா நைனா?"

"எல்லாக் கொழந்தையும் தூங்கும்மா."

"உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

தெரியாது என்றேன். அது ஒன்றைத்தான் அன்று முழுக்க நான் சரியாகச் சொன்னேன்.

பிறகு வீட்டில் பழி தேடும் வேலை ஆரம்பித்தது. கர்ப்பத்தின்போது மூன்று நாள் சத்து மாத்திரை சாப்பிடாமல் விட்டதை மகள் ஒப்புக்கொண்டாள். சமையலுக்கு அயோடின் சேர்த்த பாக்கெட் உப்பு வாங்காமல் கல்லுப்பே போட்டு வந்ததை மனைவி ஒப்புக்கொண்டாள். "நாந்தான் என் கையாலயே கெடுத்துட்டனா?" என்று என்னிடம் கேட்டாள். எங்கள் வீட்டில் நாக்கு நீண்டவன் நான்தான். அன்று எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன். இருபது மணி நேரத்துக்கும் இதற்கும் தொடர்பு உண்டு என்று அப்போது எனக்குத் தெரியாது. ஆனால் அந்த நர்ஸ் எழுதியது மட்டும் என் மண்டைக்குள் குடைந்துகொண்டே இருந்தது.

தென்னேரியிலிருந்து சம்பந்தியம்மா போன் செய்தார். பெயர் வைக்க எத்தனை பேர் வருகிறார்கள் என்று சொன்னார். "கொயந்த எப்டி கீது?" என்றார். "தூங்குது" என்றாள் மகள். வைத்ததும், "ஒண்ணும் சொல்லாதீங்க. டெஸ்ட் வரட்டும்" என்று எங்களைப் பார்த்துச் சொன்னாள்.

மறுநாள் பக்கத்து வீட்டுக்காரரின் காரில் போனோம். பழையசீவரம் பாலத்தில் போகும்போது மனைவி மலைக்கோயில் பக்கம் திரும்பிக் கும்பிட்டாள். மகள் குழந்தையின் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை உள்ளங்காலைச் சுண்டினாள். குழந்தை முகம் சுளித்தால் அவளுக்கு நிம்மதி. அடுத்த ஐந்து நிமிடம் தாங்கும்.

டாக்டர் என் மகளைவிட நாலைந்து வயது மூத்தவராக இருப்பார். குழந்தையின் உச்சந்தலையைத் தடவினார், வயிற்றை அழுத்தினார், அழவைத்து அந்த அழுகையைக் கேட்டார். பிறகு ரிப்போர்ட்டைப் பார்த்தவர் நிமிர்ந்தார்.

"இருபது மணி நேரத்துல எடுத்திருக்காங்களே. ஏன்?"

பதிலுக்குக் காத்திராமல் அவரே விளக்கினார். "வயித்துக்குள்ள இருந்து வெளியில வந்ததும் உடம்பு அந்தச் சுரப்பியத் தட்டி எழுப்பும். முதல் நாள் இந்த அளவு எகிறித்தான் இருக்கும். ரெண்டு நாள்ல அடங்கிடும். அதுக்குத்தான் காத்திருந்து எடுக்கச் சொல்றது."

மகள் சட்டென்று முன்னால் குனிந்தாள். "அப்ப ஒண்ணுமில்லயா டாக்டர்?"

"அப்படிச் சொல்ல மாட்டேன்மா. சீக்கிரம் எடுத்ததால ஏறியிருக்கலாம். நெஜமாவே குறை இருக்கவும் செய்யலாம். இந்தத் தாளை வெச்சு ரெண்டையும் பிரிக்க முடியாது. இப்ப நரம்புல ரத்தம் எடுத்து அனுப்பறேன், நாளைக்கு மதியம் தெரிஞ்சிடும். இருந்தா நாளைக்கே மாத்திரை ஆரம்பிக்கலாம். நேரம் இருக்கு." பிறகு எங்கள் ஊர் ஆஸ்பத்திரியைக் கூப்பிடப் போனை எடுத்தார். "யாரு எடுத்தது? அவங்களுக்குத் தெரியாம இருக்காதே."

"அந்த நர்சம்மாதாங்க" என்றாள் மனைவி. இரண்டு நாள் துக்கத்துக்கு ஒரு முகவரி கிடைத்த வேகம் அவள் குரலில் இருந்தது. "வேல முடிஞ்சாப் போதும்னு குத்தி அனுப்பிட்டா பாருங்க!"

நான் சும்மா இருந்தாலே போதும். சும்மா இருப்பதில் எனக்கு நல்ல பயிற்சியும் உண்டு. டாக்டர் எண்ணைத் தேடிக்கொண்டிருந்தார். அன்று கதவோரத்தில் அந்த நர்ஸ் என்னைப் பார்த்த பார்வை ஞாபகம் வந்தது.

"அவங்க முடியாதுன்னுதாங்க சொன்னாங்க" என்றேன். "நாந்தான் எடுக்க வெச்சேன். புதங்கிழமை திரும்ப வரச் சொன்னாங்க, அதுக்கும் நான் கூட்டிப் போகல. இவங்க ரெண்டு பேருக்கும் தெரியாது."

டாக்டர் போனை வைத்துவிட்டு எதையோ எழுதினார். மனைவி தரையைப் பார்த்தாள். அஷ்டமி அவளுடையது, அவசரம் என்னுடையது, எங்களுக்குள் அதைப் பிரித்துக்கொள்ள முடியவில்லை. மகள்தான் என்னைப் பார்த்தாள். திட்டியிருந்தால் தேவலை.

குழந்தையின் கையில் நரம்பு கிடைக்க மூன்று முறை குத்த வேண்டியிருந்தது. நான் வெளியே போய் நிற்கப் பார்த்தேன். "எங்க போறீங்க? காலப் புடிங்க" என்றாள் மகள். பிடித்தேன். இரண்டு விரல் தடிமன்கூட இல்லாத கால் என் கைக்குள் உதைத்துக்கொண்டே இருந்தது.

மறுநாள் மதியம் வரை எங்கள் வீட்டில் தேவையான சொற்கள் மட்டுமே பேசப்பட்டன. தண்ணி. துணி. பால் குடிச்சுதா. ஒன்றரை மணிக்கு என் போன் அடித்தது. நான் எடுப்பதற்குள் மகள் பிடுங்கிக்கொண்டாள்.

"குடுங்க. நீங்க பேசினா சீக்கிரம் முடிங்கன்னு அவங்களுக்கே சொல்லுவீங்க."

கேட்டுக்கொண்டே இருந்தாள். "இன்னொரு தபா சொல்லுங்க டாக்டர்" என்றாள். மறுபடி கேட்டாள். "மாத்திரை எதுவும் வேணாமா? ...ஒரே ஒரு தபா? ...சரிங்க. சரிங்க." போனை வைத்துவிட்டு எங்கள் இருவரையும் பார்த்து, "நார்மல். எல்லாமே நார்மலாம்" என்றாள். அடுத்த வாரம் ஊர் ஆஸ்பத்திரியில் உறுதிக்காக ஒருமுறை காட்டினால் போதுமாம். அப்புறம்தான் அழுதாள். மனைவி அவள் தலையை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள். இருவரும் அழுதார்கள். அந்த அழுகைக்குள் எனக்கு இடம் இல்லை. நியாயம்தான்.

சற்றுப் பொறுத்து மூக்கைச் சிந்திக்கொண்டே மகள் சொன்னாள்: "நைனா, போயி அந்த நர்சக்காகிட்ட சொல்லிட்டு வாங்க. நேத்து நான் போன் பண்ணி இந்த மாதிரின்னு கேட்டேன். அப்பலேர்ந்து இன்னா ஆச்சின்னு மெசேஜ் போட்டுக்கினே கீறாங்க."

ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு போனேன். வழி முழுக்க மன்னிப்பு வாசகம் தயார் செய்தேன். நல்ல நீளமான வாக்கியங்கள். வார்டு வாசலில் என்னைக் கண்டதும் அவள் கையில் இருந்த தட்டை அப்படியே மேசையில் வைத்துவிட்டு நின்றாள். கேட்கவில்லை. முகத்தில்தான் கேள்வி.

"நார்மல்மா."

அவள் ஸ்டூலை இழுத்து உட்கார்ந்தாள். இரண்டு கையாலும் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். தூங்காமல் இருந்தது எங்கள் வீட்டு மூன்று பேர் மட்டும் என்றே நான் கணக்கு வைத்திருந்தேன்.

"முடியாதுன்னு நான் நின்னிருக்கணும் சார்" என்றாள். "பெரியவரு சொல்றாரேன்னு பாத்தேன்."

தயாரித்து வந்த நீள வாக்கியங்களை விட்டுவிட்டேன். "தப்பு என்னுதும்மா" என்றேன்.

"ஆமா சார்" என்றாள் அவள். எழுந்து தட்டை எடுத்துக்கொண்டு வார்டுக்குள் போனாள்.