உட்காராத சண்முகம் அண்ணன்

கலூர் பஸ் ஸ்டாண்டில் நின்றிருந்தபோது போன் வந்தது. மட்டாஞ்சேரி சண்முகம் அண்ணன் காலையில் மாரடைப்பில் காலமாகிவிட்டாராம். "நின்னுக்கிட்டா, உக்காந்துக்கிட்டா?" என்றுதான் முதலில் கேட்டேன். அவரை அறிந்தவர்களுக்கு இது கிறுக்குத்தனமாகப் படாது.

ஆவணப்படங்களைத் தொகுத்தும் இயக்கியும் வந்த அவருக்குத் தொண்ணூறுகளிலிருந்து நான்தான் ஒலிப்பதிவாளன். மனுஷர் இருப்புக்கொள்ளாதவர். எடிட்டிங்கையும் நின்றுகொண்டே செய்வார். பார்க்கிற எனக்குக் கால் கடுக்கும்.

படத்தை முடிக்குமுன் அதில் வருகிறவர்களின் வீட்டுக்கே டிவியையும் வீடியோ டெக்கையும் தூக்கிப்போவது அவர் வழக்கம். திரைக்கு முதுகைக் காட்டி நின்று, பார்க்கிறவர்களின் முகத்தையே கவனிப்பார். ஒரு முகம் வாடினால் அந்தக் காட்சி போயிற்று. "அவங்க மொகம்தான்டா எனக்கு சென்சார்" என்பார்.

பள்ளுருத்தித் துப்புரவுத் தொழிலாளர்களைப் பற்றிய படத்துக்கும் அப்படித்தான் செய்தார். அதில் குப்பை லாரியில் நின்று வாய்விட்டுச் சிரிக்கும் ராசு, படம் முடியுமுன் இறந்துபோயிருந்தார். போட்டுக் காட்டியபோது, அந்தச் சிரிப்பு வந்ததும் அவர் மனைவி செல்வி அக்கா எழுந்து உள்ளே போய்விட்டார். அண்ணன் ஒன்றும் கேட்கவில்லை. காட்சியை வெட்டிவிட்டார். படத்தின் உயிரே அதுதான், அது இல்லாமல் வேண்டாம் என்றது டிவிக்காரர்கள் தரப்பு. அண்ணன் மசியவில்லை. படம் ஒளிபரப்பாகாமலே போனது.

அதன்பின் பள்ளுருத்தி பஸ்ஸைக் கண்டாலே, "கேட்டிருக்கணுமோடா?" என்பார். போய்க் கேளுங்களேன் என்று கத்துவேன். அந்தத் துக்கத்தை மறுபடி கிளற மாட்டேன் என்று விறுவிறுவென நடந்துவிடுவார்.

சாவுச் செய்தியை நான்தான் செல்வி அக்காவிடம் கொண்டுபோனேன். அழுதார். பேச்சோடு பேச்சாக அந்தக் காட்சியைப் பற்றிக் கேட்டுவிட்டேன். மலையாளம் கலந்த தமிழில் அக்கா சொன்னார்:

"கண்ணு நெறஞ்சுபோச்சு, அதான் உள்ள போனேன். அத வெட்டச் சொல்லி ஆரு பறஞ்சா? சிரிக்கிற மாதிரி அவரு போட்டோகூட எங்கிட்ட இல்லியே."

வெட்டியதை அண்ணன் எறிகிற ஆளில்லை. மறுவாரம் அவரது அறைக்கே அக்காவை அழைத்துவந்து, அந்த டேப்பைத் தேடிப் போட்டேன். அண்ணன் நிற்கும் இடத்தில், திரைக்கு முதுகைக் காட்டி நின்றேன். ராசுவின் சிரிப்பு பின்னால் கேட்டது. அக்காவின் கண்கள் வழிந்தன. எழுந்திருக்கவில்லை.

"இன்னொருக்கப் போடு மோனே" என்றார்.

அண்ணே, கேட்டுவிட்டேன். இனியாவது கொஞ்சம் உட்காருங்கள்.